இஸ்திரி அறை

படுக்கையில் ஆளை வைத்துக்கொண்டே விரிப்பை மாற்றுவது பார்க்கச் சுலபம், செய்து பார்த்தால்தான் தெரியும். பெரியக்காவின் கைகள் அதைத்தான் செய்துகொண்டிருந்தன. டீச்சரம்மாவை இடது பக்கமாக உருட்டி, முதுகுக்குத் தலையணை முட்டுக் கொடுத்தாள். நனைந்த விரிப்பைச் சுருட்டி முதுகோடு ஒட்டித் தள்ளினாள். அதன் பக்கத்திலேயே புது விரிப்பைப் பாதி விரித்தாள். பிறகு அந்தச் சுருளின் மேலேயே ஆளை வலது பக்கமாக உருட்ட வேண்டும். டீச்சரம்மா கொஞ்சம் கனத்த சரீரம்.

"மெதுவாடி. நான் என்ன மூட்டையா?"

"மூட்டை பேசாது டீச்சர். அது ஒண்ணுதான் வித்தியாசம்."

"உனக்கு வாய் மட்டும் இல்லேன்னா நாய் தூக்கிட்டுப் போயிருக்கும்."

"வந்துச்சு. உங்களைப் பார்த்துட்டு ஓடிருச்சு. முழங்காலை மடக்குங்க, உருட்டப் போறேன்."

தூக்காதே, உருட்டு என்பதுதான் பயிற்சியில் சொல்லிக் கொடுத்த முதல் பாடம். தூக்கினால் உன் முதுகு போகும், இழுத்தால் அவர்கள் தோல் போகும். பெரியக்கா அந்தப் பாடத்தை மறந்ததே இல்லை. மறந்தது வேறு சில பாடங்களை.

விரிப்பின் மூலைகளைச் செருகி நிமிர்ந்தபோது வாசலில் அண்ணன் மகள் நின்றிருந்தாள். தோளில் ஒரு பை, கையில் ஒரு பை, காலில் நகரத்துத் தூசி. பக்கத்தில் மேனேஜர், கல்யாண வீட்டு மாப்பிள்ளைத் தோழன் மாதிரி பல்லெல்லாம் தெரிய நின்றார்.

"பெரியக்கா, யார் வந்திருக்காங்க பாருங்க! நம்ம நிருபரம்மா. நாளைக்கு ஆய்வு இருக்கிற நேரமாப் பார்த்து வந்திருக்காங்க. எல்லாம் நம்ம இல்லத்தோட அதிர்ஷ்டம்."

"சொல்லாம கொள்ளாம வந்து நிக்கிற," என்றாள் பெரியக்கா. "சாப்பிட்டியா?"

"ஆச்சு அத்தை."

"பொய் சொல்லாத. கன்னம் ஒட்டிக் கிடக்கு."

மேனேஜர் சுவரைக் காட்டினார். அங்கே கண்ணாடிச் சட்டத்துக்குள் மஞ்சளாகிப்போன ஒரு செய்தித்தாள் துண்டு. 'சொந்த வீட்டைப் போல ஓர் இல்லம்' என்று தலைப்பு. கீழே வரிசையாக வெள்ளைப் படுக்கைகளின் படம். அண்ணன் மகள் நிருபராகி எழுதிய முதல் செய்தி அது. "இன்னிக்கும் வர்றவங்க எல்லாருக்கும் இதைத்தான் காட்டுறோம் மேடம்," என்றார். நிருபர் அதைப் பார்த்தாள். சிரிக்கவில்லை. பெரியக்கா நனைந்த விரிப்பைக் கூடையில் போட்டுக்கொண்டு குனிந்துவிட்டாள்.

பெரியக்காவின் சொந்தப் பேர் ஊரில் யாருக்கும் தேவைப்பட்டதில்லை. வேலைக்குச் சேர்ந்த அன்றே வயதில் மூத்தவளாக இருந்ததால் பெரியக்கா ஆனாள். இப்போது அவளைவிடப் பெரியவர்களும் அப்படித்தான் கூப்பிடுகிறார்கள். கல்யாணமாகிப் போன இடத்தில் புருஷன் காய்ச்சலில் போனான். திரும்பி வந்தபோது அண்ணன் வீட்டில் அண்ணியும் இல்லை, பிரசவத்தோடு போய்விட்டாள். அண்ணன் லாரி ஓட்டுகிறவன். மாதத்தில் பாதி நாள் ஊரில் இருக்க மாட்டான். தொட்டிலில் ஒரு பிள்ளை மட்டும் கத்திக்கொண்டு கிடந்தது. அழுதுகொண்டு உட்கார யாருக்கும் நேரமில்லை. பிள்ளையைப் பக்கத்து வீட்டில் விட்டுவிட்டு ஆஸ்பத்திரியில் நடந்த நோயாளி பராமரிப்பு வகுப்பில் சேர்ந்தாள். புண் துடைப்பது, குளிப்பாட்டுவது, விழுங்க முடியாதவருக்கு ஊட்டுவது, உயிர் போனவரின் தாடையைக் கட்டுவது, எல்லாம் கற்றுக்கொண்டாள். அந்த வருஷம்தான் முதியோர் இல்லம் திறந்தார்கள். முதல் ஆளாகச் சேர்ந்தாள். அந்தச் சம்பளத்தில்தான் பிள்ளை படித்தது, வளர்ந்தது, பேனா பிடித்தது.

இல்லத்தை நடத்துகிறவர் நகராட்சித் தலைவர். ஊரில் பெரிய துணிக்கடையும் அவருடையதே. இல்லத்துக்கு அரசு மானியம் உண்டு. காகிதத்தில் பணியாட்கள் இருபது பேர். நடமாடுவது ஆறு பேர். மிச்சப் பதினாலு பேரின் சம்பளம் எங்கே போகிறது என்று ஊரில் எல்லோருக்கும் தெரியும். தலைவருடைய வீட்டின் மாடி எந்த வருஷம் எழும்பியது என்பதும் தெரியும். பூனைக்கு யார் மணி கட்டுவது? ஊரில் பாதிப் பேர் அவர் கடையில் வேலை பார்க்கிறார்கள், மீதிப் பேருக்கு அப்பா அம்மா இல்லத்தில் இருக்கிறார்கள்.

ஆய்வு நாளில் மட்டும் இருபது பேரும் வந்துவிடுவார்கள். துணிக்கடைப் பெண்களுக்குச் சீருடை மாட்டிக் கட்டிலுக்குக் கட்டில் நிறுத்துவார்கள். ஒரு தடவை படுக்கையில் கிடந்த பெரியவர் ஒருவர் அவசரமாகப் 'பேசின் எடும்மா' என்று கேட்க, நின்றிருந்த பெண் பழக்கதோஷத்தில், "எந்தக் கலர்ல பாக்கறீங்க சார்?" என்றாளாம். பெரியவர் அதற்குள் விரிப்பிலேயே கலரைக் காட்டிவிட்டார். இல்லத்தில் பல வருஷம் அதைச் சொல்லிச் சிரித்தார்கள். பெரியக்காவும் சிரித்தாள்.

சிரிக்க முடியாதது ஒன்று இருந்தது. ஆறு பேரை வைத்துக்கொண்டு அத்தனை கட்டிலையும் பார்க்க முடியாது. நினைவு தவறியவர்கள் எழுந்து நடப்பார்கள், படியில் விழுவார்கள், தெருவுக்குப் போய்விடுவார்கள். ஆகவே கட்டுத்துணியைக் கிழித்து மணிக்கட்டைக் கட்டில் கம்பியோடு கட்டிப்போடுவது பழக்கமானது. ஆளைக் கட்டாதே என்பதும் வகுப்பில் சொன்ன பாடம்தான். பெரியக்கா இரண்டு விரல் நுழையும்படி தளர்வாகக் கட்டுவாள். தளர்வாகக் கட்டினாலும் கட்டு கட்டுதான். தோல் கிழவர்களுக்குக் காகிதம் மாதிரி, தடம் விழுந்துவிடும். ஆய்வுக்கு வரும் அதிகாரிகள் தின்று குடித்துவிட்டுப் போகிறவர்கள்தான் என்றாலும் கண்ணெதிரே தடம் தெரிந்தால் அவர்களுக்கும் சங்கடம். ஆகவே கையில் தடம் உள்ளவர்களை அன்று காலையில் மாடிக்குக் கொண்டுபோய், சலவைக் கொட்டகையை ஒட்டிய இஸ்திரி அறையில் உட்கார வைப்பார்கள். வண்டி கிளம்பியதும் கீழே கொண்டுவருவார்கள். 'மேலே ஏத்துறது' என்று அதற்குப் பேர். புதிதாக வேலைக்கு வருகிறவருக்கு முதல் வாரமே சொல்லிக் கொடுப்பார்கள், மருந்து வேளையைச் சொல்லிக் கொடுப்பதுபோல.

சாயங்காலம் வீட்டில் பெரியக்கா கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். அண்ணன் மகள் குளித்துவிட்டுத் துண்டோடு வந்தாள்.

"பாத்ரூம் தாழ்ப்பாள் எங்கத்தை?"

"கழட்டிட்டேன்."

"ஏன்?"

"துருப்பிடிச்சுப் போச்சு."

"ரூம் கதவுலயும் இல்ல. அதுவும் துருவா?"

"நிருபர் வேலையை என்கிட்ட காட்டாத. தலையைத் துவட்டு, ஈரம் சொட்டுது."

அவள் துவட்டிக்கொண்டே எதிரில் உட்கார்ந்தாள். கொஞ்ச நேரம் கீரைக்கட்டைப் பிரித்துக் கொடுத்தாள். பிறகு மெல்ல ஆரம்பித்தாள். பத்திரிகை ஆபீசுக்கு ஒரு போன் வந்ததாம். இல்லத்தில் சமையல்காரராக இருந்து, போன மாதம் சண்டை போட்டு வெளியேறியவர் பேசினாராம். ஆய்வு நாளில் ஆட்களை ஒளித்து வைப்பதைச் சொன்னாராம். பல வருஷம் முன்னால் அப்படி ஒளித்து வைத்ததில் ஒரு கடிகாரக்காரர் இஸ்திரி அறையிலேயே செத்துப்போனதையும் சொன்னாராம்.

"தலைவர் இப்ப ரெண்டாவது இல்லம் கட்டப் போறாராமே. அதுக்குத்தான் நாளைக்கு ஆய்வு. அதை நிறுத்தணும்னா சாட்சி வேணும் அத்தை. சமையல்காரர் சமையலறையை விட்டு மேல போனதில்ல. யாரு கதவைப் பூட்டினாங்க, சாவி யார்கிட்ட இருந்துச்சு, எதுவும் அவருக்குத் தெரியல. உங்களுக்குத் தெரியாம அங்க ஒரு துணிகூட காயாது. சொல்லுங்க."

"நீ உங்க ஆபீஸ்ல யாரையாவது அனுப்பியிருக்கலாமே. நீ எதுக்கு வந்த?"

"என் ஊருன்னு என்னை அனுப்பினாங்க."

"ஊரு மட்டும்தானா?"

"என்ன அத்தை சொல்றீங்க?"

பெரியக்கா கீரையில் பழுத்த இலையைக் கிள்ளிப் போட்டாள். நல்ல இலையையும் சேர்த்துக் கிள்ளிக்கொண்டிருந்தது பிறகுதான் தெரிந்தது.

கடிகாரக்காரரை அவளுக்கு நன்றாகத் தெரியும். ஒல்லியான மனிதர். பேருந்து நிலையத்துக்கு எதிரில் மகள் நடத்தும் தையல் கடையின் முன்மூலையில் ஒரு கண்ணாடிப் பெட்டியை வைத்துக்கொண்டு கடிகாரம் ரிப்பேர் பார்த்தவர். நினைவு தப்பிய பிறகும் விரல்கள் மட்டும் தொழிலை விடவில்லை. சட்டைப் பொத்தானைக் கழற்றித் திரும்ப மாட்டிக்கொண்டே இருப்பார். தெருவில் இறங்கி நடந்துவிடுவார். மகள் ஒருத்தி, மெஷினைப் பார்ப்பாளா, அப்பாவைப் பார்ப்பாளா? ஒரு தடவை லாரிக்கு அடியில் போகப் பார்த்தார். அழுதுகொண்டே கொண்டுவந்து இல்லத்தில் விட்டாள். அவள் போகும்போது, "நான் பார்த்துக்கிறேன்மா, நீ தைரியமாப் போ," என்று சொன்னது பெரியக்காதான்.

அவர் செத்த பிறகு தையல்காரி பெரியக்காவிடம் சீருடைக்குக் கூலி வாங்கமாட்டேன் என்று பிடிவாதம் பிடித்தாள். "எங்கப்பாவைக் கடைசியில குளிப்பாட்டின கை," என்பாள். பெரியக்கா அவள் கடைக்குப் போகாமலும் இருக்க முடியவில்லை, போகவும் முடியவில்லை. போனால் தையல்காரி ஊசியில் நூலைக் கோத்துக்கொண்டே அந்த ஒரே பேச்சைப் பேசுவாள். "நான் கொண்டுபோய்த் தள்ளிட்டேன்னு மனசு ஒடிஞ்சு செத்தாரு அக்கா. எனக்குத் தெரியும். வீட்டுலயே வெச்சிருந்தா இன்னும் கொஞ்ச நாள் இருந்திருப்பாரு." பெரியக்கா தலையை ஆட்டாமலும் மறுக்காமலும் துணியை வாங்கிக்கொண்டு வந்துவிடுவாள். வீட்டு அலமாரியில் போடாத சீருடைகள் மடிப்புக் கலையாமல் அடுக்கடுக்காக இருந்தன.

"அத்தை," என்றாள் அண்ணன் மகள். "பயமா இருந்தா சொல்லுங்க. உங்க பேரைப் போடமாட்டேன்."

"போட்டுக்க."

"என்ன?"

"பூட்டினது நான். சாவி என் இடுப்புல இருந்துச்சு."

அண்ணன் மகளின் கை துண்டோடு நின்றது. பெரியக்கா கீரையை முறத்தில் தள்ளி வைத்துவிட்டு, வாயைக் கட்டி வைத்திருந்ததை அவிழ்த்து விட்டாள். அழகாகச் சொல்லத் தெரியாது. பணி மாறும்போது அடுத்தவளிடம் நோயாளி நிலவரம் சொல்வதுபோலச் சொன்னாள்.

அன்று மேலே ஏற்றியது நாலு பேரை. மூன்று பேர் உட்காரவைத்த இடத்தில் இருப்பார்கள். கடிகாரக்காரர் இருக்கமாட்டார். வெளியே வந்தால் படியில் உருளுவார், இல்லை அதிகாரி முன்னால் போய் நிற்பார். பெரியக்கா கதவைச் சாத்திப் பூட்டினாள். தகரக் கூரை, ஜன்னல் இல்லை, பக்கத்துக் கொட்டகையில் சலவை மெஷின் ஓடுகிறது. கோடை. அரை மணியில் வந்துவிடலாம் என்று நினைத்தாள். எப்போதும் அப்படித்தான், அரை மணிக்கு மேல் ஆய்வு நீண்டதில்லை.

"அப்புறம் ஏன் போகல?"

"கீழ இருந்து மேனேஜர் கூப்பிட்டாரு. பெரியக்கா, இன்னிக்குப் பத்திரிகைக்காரங்களும் வந்திருக்காங்க, நீங்களே கூட்டிட்டுப் போய்ச் சுத்திக் காட்டுங்கன்னு."

அண்ணன் மகள் நிமிர்ந்தாள்.

"ஆமா," என்றாள் பெரியக்கா. "நீதான். முதல் வேலை, முதல் செய்தி. பெரிய டைரியை நெஞ்சுல அணைச்சுக்கிட்டு வந்து நின்ன. எனக்குக் கால் தரையில நிக்கல. அந்தத் துணிக்கடைப் பொண்ணுங்ககிட்ட எல்லாம், என் அண்ணன் பொண்ணு, என் அண்ணன் பொண்ணுன்னு சொல்லிக்கிட்டு உன்னைக் கட்டில் கட்டிலா கூட்டிட்டுப் போனேன். டீச்சரைப் பாட்டுப் பாடச் சொன்னேன். படம் எடுத்த. அதிகாரிங்க கிளம்பிப் போனப்புறமும் நீ இருந்த, நானும் இருந்தேன். டீ குடிச்சோம். மேல ஏறிப் போறப்ப வெயில் சாஞ்சிருச்சு."

"அத்தை..."

"மத்த மூணு பேரும் மயங்கிக் கிடந்தாங்க, முகத்துல தண்ணி தெளிச்சதும் கண்ணைத் திறந்தாங்க. அவரு கதவை ஒட்டிக் கிடந்தாரு. கதவை என்னால உடனே தள்ள முடியல. அவர் உடம்பு தடுத்துச்சு."

வெளியே தெருவில் யாரோ சைக்கிள் மணியை அடித்துக்கொண்டு போனார்கள். அண்ணன் மகள் துண்டைக் கீழே வைத்தாள்.

"நான் கேட்டேன். அன்னிக்கு நான் உங்ககிட்ட கேட்டேன் அத்தை. இந்தக் கட்டிலெல்லாம் ஏன் காலியா இருக்குன்னு."

"குளிக்கப் போயிருக்காங்கன்னு சொன்னேன்."

"அப்புறம் மேல ஏதோ சத்தம். தட்டுற மாதிரி. அது என்னன்னு..."

"சலவை மெஷின்னு சொன்னேன்."

"அது மெஷின்தானா?"

"இத்தனை வருஷமா என்னையே கேட்டுப் பார்த்துட்டேன். மெஷினும் தட்டும். பழைய மெஷின். அன்னிக்கு எனக்கு மெஷின்னுதான் பட்டுச்சு. மெஷினா இருக்கட்டும்னு ஆசைப்பட்டேனோ என்னவோ. காது நம்ம காதுதானே, நாம சொன்னபடி கேக்கும்."

அண்ணன் மகள் எழுந்து கதவு வரை போய்த் திரும்பி வந்தாள். "எனக்குத் தெரியாதே," என்றாள். சொன்ன பிறகு அவளுக்கே அது பிடிக்கவில்லை. "தெரிஞ்சுக்கணும்னு தோணல. அதுதான் உண்மை. முதல் செய்தி நல்லா வரணும்னு இருந்துச்சு. நீங்க சொன்னதை அப்படியே எடுத்துக்கிட்டேன். அப்படி எடுத்துக்கிட்டது சுலபமா இருந்துச்சு. இதே வேலையை வேற ஊர்ல வேற யாராவது செஞ்சிருந்தா கிழிச்சிருப்பேன்."

"உன்மேல குத்தம் சொல்றதுக்காகச் சொல்லல. நடந்தது நடந்தபடி இருக்கட்டும்னு சொன்னேன்."

"இவ்வளவு வருஷம் ஏன் சொல்லல?"

"பயம். வேலை போயிரும், ஜெயிலுக்குப் போகணும்னு பயம். நீ வேற அப்பதான் தலையெடுக்கிற. உனக்காகத்தான் வாயைத் திறக்கலேன்னு எனக்கு நானே சொல்லிக்கிட்டேன். அது பூசணிக்காயைச் சோத்துல மறைக்கிற வேலை. எனக்காகத்தான்."

பிறகு நடந்ததையும் ஒளிக்காமல் சொன்னாள். மேனேஜர் வந்து பார்த்தார், தலைவருக்குப் போன் போட்டார். ஆளைக் கீழே கட்டிலுக்கு இறக்கினார்கள். டாக்டர் வந்து மாரடைப்பு என்று சொல்லிவிட்டுப் போனார். பெரியக்கா உடம்பைக் கழுவினாள், முழுக்கைச் சட்டை போட்டு மணிக்கட்டை மறைத்தாள். மகள் ஓடி வந்தபோது, தூக்கத்திலேயே போய்விட்டார் என்று தன் வாயால் சொன்னாள். அதற்கப்புறம் இல்லத்தில் ஒரே ஒரு திருத்தம் செய்தார்கள். இஸ்திரி அறையில் ஒரு மின்விசிறி மாட்டினார்கள்.

"இப்பவும் மேல ஏத்துறாங்களா?"

"நாளைக்கு அஞ்சு பேர். பேர் சொல்லிட்டாரு மேனேஜர்."

அண்ணன் மகள் பையிலிருந்து போனை எடுத்துத் தரையில் வைத்தாள். "இதையே திரும்பச் சொல்லுங்க. பதிவு பண்ணிக்கிறேன். இன்னிக்கே எழுதி அனுப்பிட்டா நாளைக்குள்ள..."

"அதை எடுத்து உள்ள வை."

"அத்தை, சாட்சி வேணும்."

"சாட்சி எங்கயும் ஓடிடாது, இந்த முழங்காலை வெச்சுக்கிட்டு எங்க ஓடுறது? ஆனா முதல்ல கேக்க வேண்டியது பேப்பர் இல்ல. அந்தப் பொண்ணு. அவ இத்தனை வருஷமா தன்னால செத்தாருன்னு நினைச்சுக்கிட்டு உட்கார்ந்திருக்கா. நான் அதைக் கேட்டுக்கிட்டு அவ தைச்ச துணியை வாங்கிட்டு வர்றேன். அவ இதைப் பேப்பர்ல படிச்சுத் தெரிஞ்சுக்கக் கூடாது. என் வாயால பொய் சொன்னேன், என் வாயாலதான் மாத்திச் சொல்லணும்."

"அவங்க முதல்ல தலைவர்கிட்ட போய்ச் சொல்லிட்டா? செய்தியே இல்லாமப் போயிரும்."

"போனா போகட்டும். அவ அப்பா, அவ இஷ்டம்."

அண்ணன் மகள் போனை எடுத்துப் பையில் போட்டாள். "நானும் வர்றேன்," என்றாள். "நானும் சொல்ல வேண்டியது இருக்கு."

"முதல்ல சாப்பிடு."

இரண்டு பேருக்கும் இறங்கவில்லை. பெரியக்கா தட்டைக் கழுவி வைத்தாள். உனக்குப் பாய் போதுமா என்று கேட்டாள். போதும் என்றாள். அவ்வளவுதான்.

மறுநாள் காலையில் தையல் கடையின் இரும்புக் கதவு பாதிதான் ஏறியிருந்தது. தையல்காரி உள்ளே மெஷினுக்கு எண்ணெய் விட்டுக்கொண்டிருந்தாள்.

"வாங்கக்கா, காலங்காத்தாலயே! தைச்சு முடிச்சுட்டேன், பொத்தான் மட்டும்தான் பாக்கி. இது யாரு, அண்ணன் பொண்ணா? டவுனுக்குப் போயி ரொம்ப இளைச்சுட்டாங்களே."

"உட்காரு," என்றாள் பெரியக்கா.

"நான் உட்கார்ந்துதானே இருக்கேன்."

பெரியக்கா நின்றபடியே சொன்னாள். எங்கும் சுற்றவில்லை. உங்கப்பா தூக்கத்தில் போகவில்லை, இஸ்திரி அறையில் போனார், கதவைப் பூட்டியது நான், திறக்க நேரத்துக்குப் போகவில்லை, போகாததற்குக் காரணம் ஆய்வு இல்லை, நான் என் அண்ணன் மகளோடு டீ குடித்துக்கொண்டிருந்தேன் என்றாள். நீ கொண்டுவந்து விட்டதால் அவர் சாகவில்லை என்றும் சொன்னாள்.

அண்ணன் மகள், "நான் சத்தம் கேட்டேன்," என்றாள். "கேட்டுட்டு, சொந்த வீட்டைப் போலன்னு எழுதினேன்."

தையல்காரி எண்ணெய்க் குப்பியின் மூடியைத் திருகி மூடினாள். துணியில் கையைத் துடைத்தாள். முகத்தில் என்ன இருக்கிறது என்று பெரியக்காவால் படிக்க முடியவில்லை. எத்தனையோ முகங்களைப் படித்தவள் அவள்.

"தண்ணி வெச்சிருந்தீங்களா உள்ள?"

"இல்ல."

தையல்காரி மெஷின் சக்கரத்தின் மேல் கையை ஊன்றி எழுந்தாள். "அந்த ரூமைக் காட்டுங்க," என்றாள். "இப்பவே."

இரும்புக் கதவைக் கீழே இழுத்துவிட்டாள். மூன்று பேரும் நடந்தார்கள். தையல்காரி முன்னால் நடந்தாள். ஒரு தடவைகூடத் திரும்பிப் பார்க்கவில்லை. பெரியக்காவின் முழங்கால் அந்த வேகத்துக்கு ஈடுகொடுக்கவில்லை, ஆனாலும் மெதுவாகப் போ என்று கேட்க நா எழவில்லை.

இல்லத்தில் துணிக்கடைப் பெண்கள் சீருடையில் வந்து இறங்கியிருந்தார்கள். ஒருத்தி இன்னொருத்திக்குத் தொப்பி குத்திவிட்டுக்கொண்டிருந்தாள். மூன்று பேரும் பின்பக்கப் படி வழியாக மாடிக்கு ஏறினார்கள். ஐந்து பேரில் இரண்டு பேரை ஏற்கெனவே கொண்டுவந்து இஸ்திரி அறைக்குள் நாற்காலியில் உட்கார வைத்திருந்தார்கள். மின்விசிறி கடகடவென்று சுற்றிக்கொண்டிருந்தது. பெரியக்கா ஒருவர் பின் ஒருவராக இருவரையும் கைத்தாங்கலாக வெளியே நடத்தி வந்து, சலவைக் கொட்டகை நிழலில் காற்றோட்டமாக உட்கார வைத்தாள். தண்ணீர் கொடுத்தாள்.

தையல்காரி அறைக்குள் போனாள். சுவரைப் பார்த்தாள், கூரையைப் பார்த்தாள். மின்விசிறியின் சுவிட்சை அணைத்தாள். தரையில் கதவை ஒட்டி உட்கார்ந்தாள்.

"கதவைச் சாத்துங்க."

"வேண்டாம்மா," என்றாள் பெரியக்கா.

"சாத்துங்கன்னு சொல்றேன்ல."

பெரியக்கா சாத்தினாள். பூட்டவில்லை. சாவிக்கொத்தை இடுப்பிலிருந்து எடுத்து அண்ணன் மகளின் கையில் திணித்தாள். கதவுக்கு வெளியே நின்றாள். உள்ளே ஒரு சத்தமும் இல்லை. அழுகைகூட இல்லை. அழுதிருந்தால் பரவாயில்லை என்றிருந்தது.

கீழே வண்டிகள் வந்து நிற்கும் ஓசை கேட்டது. மேனேஜர் படியில் பாதி ஏறி வந்து தலையை நீட்டினார்.

"பெரியக்கா! என்ன இங்க நின்னுக்கிட்டு? ஆபீசருங்க வந்தாச்சு, தலைவரும் கூடவே வந்திருக்காரு. மத்த மூணு பேரை ஏன் இன்னும் மேல ஏத்தல? நிருபரம்மா, நீங்களும் வாங்க, கீழ எல்லாம் தயாரா இருக்கு."

"நான் வரல," என்றாள் பெரியக்கா.

"வரலையா? விளையாடாதீங்க. யாரு சுத்திக் காட்டுறது?"

"அவங்களை இங்க வரச் சொல்லுங்க. இதைக் காட்டுறேன்."

மேனேஜருக்கு மூச்சு வாங்கியது. வேலை உனக்கு வேண்டாமா, சாவி யாரிடம் இருந்தது என்று மறந்துபோச்சா என்று பல்லைக் கடித்துக்கொண்டு கேட்டார். மறக்கலை, அதைத்தான் சொல்லப் போறேன் என்றாள். அவர் கீழே ஓடினார். நிறுத்துவதற்காக ஓடினாரோ, சொல்லுவதற்காக ஓடினாரோ, எப்படியோ கொஞ்ச நேரத்தில் செருப்புச் சத்தங்கள் படியேறின. முன்னால் ஓர் அதிகாரி, கையில் டீக் கோப்பையோடு. பின்னால் தலைவர், முகம் கடுகடுவென்று.

"என்னம்மா இது? இங்க என்ன நடக்குது?" என்றார் அதிகாரி.

அப்போது கதவு திறந்தது. தையல்காரி வெளியே வந்தாள். நெற்றியிலும் கழுத்திலும் வியர்வை ஓடியது. முந்தானையால் துடைத்துக்கொண்டாள். பெரியக்காவை அவள் பார்க்கவில்லை. விலகி அண்ணன் மகளின் பக்கத்தில் போய் நின்று, "எழுதிக்குங்க," என்றாள். "உங்களைப் பத்தியும் சேர்த்து எழுதுங்க. விட்டுறாதீங்க."

"விடமாட்டேன்," என்றாள் அவள். பேனா கையில் இருந்தது.

"உங்களைத்தாம்மா கேக்கறேன்," என்றார் அதிகாரி மறுபடியும்.

பெரியக்கா கொட்டகை நிழலில் இருந்த பெரியவரின் பக்கத்தில் குனிந்து, அவருடைய சட்டைக் கையை முழங்கை வரை மெதுவாக மடித்துவிட்டாள். மணிக்கட்டைச் சுற்றிச் சிவப்பு வளையம் தெரிந்தது. நிமிர்ந்தாள்.

"சார், இது நான் கட்டின கட்டு," என்றாள். "முதல்ல இதைப் பாருங்க. அப்புறம் இந்த ரூம்ல என்ன நடந்துச்சுன்னு சொல்றேன்."

அதிகாரி டீக் கோப்பையை எங்கே வைப்பது என்று தெரியாமல் கையில் வைத்துக்கொண்டே நின்றார். பெரியக்கா சொல்லத் தொடங்கினாள்.